இணைக் கணக்கில் பெயர் இருந்தால் பணம் முழுக்க அவருக்கா?

2025 நவம்பர் 9 (கேள்வி)

அப்பா ஆவணியில் தவறிவிட்டார். மூன்று எஃப்.டி. போட்டிருந்தார், எல்லாமே அவர் பெயரும் அண்ணன் பெயரும் சேர்ந்து. வங்கியில் போய்க் கேட்டால், "உங்க அண்ணன்தான் சர்வைவர், அவருக்குத்தான் தருவோம், உங்களுக்கு இதில் ஒண்ணும் இல்லம்மா" என்று அனுப்பிவிட்டார்கள். அண்ணனும் அதையே பிடித்துக்கொண்டு நிற்கிறார். அம்மா இருக்கிறார். நானும் தங்கையும் கட்டிக்கொடுத்த பெண்கள். ஊர் நீடாமங்கலம் பக்கம். ரசீதில் பெயர் இருப்பவருக்கே பணம் என்பது சட்டமா, இல்லை வாய்ப்பேச்சா?

2025 நவம்பர் 9, இரவு

வாய்ப்பேச்சுதான் தங்கச்சி. "அவருக்குத்தான் தருவோம்" என்றது சரி. "உங்களுக்கு ஒண்ணும் இல்லை" என்றது வங்கி சொல்லக்கூடிய விஷயமே இல்லை.

சர்வைவர் என்றால் ரசீதில் உள்ளவர்களில் உயிரோடிருப்பவர். வங்கி யார் கையில் பணத்தைக் கொடுத்துத் தன் பொறுப்பை முடித்துக்கொள்ளலாம் என்பதற்குத்தான் அந்த ஏற்பாடு. பணம் யாருடையது என்பதை அது முடிவு செய்யாது. அப்பா சம்பாதித்துப் போட்ட பணம் அப்பாவின் சொத்து. உயில் இல்லையென்றால் 1956ஆம் வருஷத்து இந்து வாரிசுரிமைச் சட்டப்படி அம்மா, அண்ணன், நீங்கள், உங்கள் தங்கை எல்லோருக்கும் சமபங்கு. அண்ணன் போய் வாங்கலாம், ஆனால் மற்றவர்கள் பங்கையும் சேர்த்துத்தான் வாங்குகிறார். கொள்முதல் நிலையத்தில் மூட்டையை இறக்கிவிட்டு ரசீது வாங்கியவர் நெல்லுக்குச் சொந்தக்காரர் ஆகிவிடுவாரா?

நான் வங்கியில் டெபாசிட் கவுன்டரில் பல வருஷம் உட்கார்ந்தவள், இந்த டெல்டா கிளைகளில்தான். இதே கேள்வியோடு வந்து, பதில் சொல்ல நேரமில்லாத நேரத்தில் திரும்பிப் போன பெண்கள் நிறைய.

2025 நவம்பர் 10

காலையில் யோசித்தபோது வங்கித் தரப்பையும் சொல்ல வேண்டும் என்று பட்டது. 2005இல் ரிசர்வ் வங்கி தெளிவாகவே எழுதிக் கொடுத்தது: 'இருவரில் ஒருவர் அல்லது உயிரோடிருப்பவர்' என்று போட்ட கணக்கில், இருப்பவர் வந்து இறப்புச் சான்றைக் காட்டினால் பணத்தைக் கொடுங்கள், கோர்ட்டில் போய்ச் சான்று வாங்கி வா என்று அலையவிடாதீர்கள். அதே சுற்றறிக்கையில், வாங்குகிறவர் வாரிசுகளுக்காக ஒரு பொறுப்பாளராகத்தான் வாங்குகிறார், கொடுத்ததால் வாரிசுகளின் உரிமை போய்விடாது என்பதையும் அவரிடம் சொல்ல வேண்டும் என்று இருக்கிறது. முதல் பாதியை எல்லாக் கிளையிலும் செய்வார்கள். இரண்டாம் பாதியை யார் சொல்கிறார்கள்?

நீங்கள் ஆட்சேபக் கடிதம் கொடுத்தால் வங்கி நிறுத்துமா என்று கேட்டிருந்தீர்கள். நிறுத்தாது. கோர்ட் உத்தரவு கையில் வந்தால்தான் நிறுத்தும்.

2025 நவம்பர் 10, மாலை

ரசீதை எடுத்துப் பாருங்கள். பெயர்களுக்குக் கீழேயோ மூலையிலோ 'ஈ ஆர் எஸ்' என்று சின்னதாக அடித்திருக்கும், அதுதான் இருவரில் ஒருவர். 'எஃப் ஆர் எஸ்' என்றால் முதல் பெயர்காரர் இருக்கும்வரை அவர் மட்டும், அவருக்குப் பிறகுதான் அடுத்தவர். வெறும் 'ஜாயின்ட்லி' என்று இருந்தால் கதையே வேறு: இருப்பவரும் இறந்தவரின் வாரிசுகள் அத்தனை பேரும் சேர்ந்து கையெழுத்துப் போட்டால்தான் பணம் வெளியே வரும். ரசீதைப் பார்க்காமலேயே சண்டை போடுகிற வீடுகள் உண்டு.

2025 நவம்பர் 12

என் வீட்டுக் கதையைச் சொல்லிவிடுகிறேன். ஆடுதுறை பக்கம். அப்பா போனபோது அவர் பெயரும் தம்பி பெயரும் சேர்ந்த டெபாசிட்டுகள் சில, அப்பா பெயரில் மட்டும் நாமினி (தனக்குப் பிறகு பணத்தை வாங்கிக்கொள்ள எழுதிவைக்கிற ஆள்) போடாத ஒன்று. பதினாறாம் நாள் காரியம் முடிந்து பந்தியில் கடைசி இலை எடுக்கிற நேரம். கொல்லைப்பக்கத் திண்ணையில் தம்பி ஒரு கட்டுத் தாளைக் கொண்டுவந்து வைத்தான். எங்கெங்கே கையெழுத்துப் போட வேண்டுமோ அங்கெல்லாம் பென்சிலில் பெருக்கல் குறி. வங்கியில் யாரோ பொறுமையாக உட்கார்ந்து போட்டுக் கொடுத்திருக்கிறார்கள். மேல் தாளில் அம்மாவின் கையெழுத்து ஏற்கெனவே விழுந்திருந்தது. அம்மா எழுத்துக்கூட்டிக் கையெழுத்துப் போடுகிறவர், 'லோ' போட்டு முடிக்கவே ஒரு நிமிஷம் ஆகும், மை இன்னும் சரியாகக் காயக்கூட இல்லை.

தங்கை "தம்பிதானே கேக்குறான்" என்று பேனாவை எடுத்துவிட்டாள். நான் படித்தேன். வேலைப் பழக்கம், படிக்காமல் எதிலும் கை வைக்க வராது. மூன்றாம் தாளில் 'மேற்படித் தொகையில் எனக்கு எவ்வித உரிமையும் பாத்தியதையும் இல்லை, முழுவதையும் என் சகோதரர் பெற்றுக்கொள்ளச் சம்மதம்' என்று இருந்தது. வங்கிக்குத் தேவைப்பட்டது அந்தத் தனிப்பெயர் டெபாசிட்டை ஒருவர் கையில் கொடுக்க மற்றவர்கள் தரும் ஒப்புதல் மட்டும்தான். அதை உரிமையையே விட்டுக் கொடுக்கிற மாதிரி எழுதியிருந்தார்கள். நான் பேனாவை மூடினேன். அப்புறம் என்ன, பெரியப்பா எழுந்து "கல்யாணத்துல இருபத்தஞ்சு பவுன் போட்டாச்சு, சீர் செஞ்சாச்சு, வளைகாப்பு செஞ்சாச்சு, இன்னும் என்னடி பங்கு" என்றார். பந்தியில் இருந்தவர்கள் எல்லாம் திரும்பிப் பார்த்தார்கள்.

அந்தப் பேச்சுக்குச் சட்டத்தில் இடமே கிடையாது. சீர் செய்ததைக் கழித்துக்கொண்டு பங்கு கொடு என்று வாரிசுரிமைச் சட்டத்தில் எந்த வரியும் இல்லை. கொடுத்தது கொடுத்தது, பங்கு பங்கு. எனக்குக் கோபம் தம்பி மேல்கூட அவ்வளவு இல்லை. அம்மாவிடம் கேட்காமலே அம்மாவின் கையெழுத்தை வாங்கினார்களே, அதில்தான். அந்தத் தாளில் என்ன எழுதியிருக்கிறது என்று ஒருவரும் அவருக்குப் படித்துக் காட்டவில்லை. அன்று சாயங்காலம் நான் படித்துக் காட்டினேன். ரொம்ப நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "அப்ப எனக்குன்னு எதுவும் இல்லையா" என்று கேட்டார். தம்பி அங்கேயே நின்றுகொண்டிருந்தான். அவன் அந்தத் தாளைக் கிழித்துப்போட அந்தக் கேள்விதான் காரணம், நான் பேசிய சட்டம் இல்லை.

கையெழுத்துப் போடும் முன் தாளை முழுசாகப் படியுங்கள். படிக்கவராதவர் வீட்டில் இருந்தால் அவருக்குச் சத்தமாகப் படித்துக் காட்டுங்கள்.

2025 நவம்பர் 13

சிங்கப்பூரிலிருந்து ஒரு தம்பி கோபமாக எழுதியிருக்கிறார்: "மாசாமாசம் நான் அனுப்பிய பணம், அப்பா என் பெயரையும் சேர்த்துப் போட்டு வைத்தார், இப்போது அக்காள்களுக்கு நான் ஏன் பிரித்துக் கொடுக்க வேண்டும்?"

கொடுக்க வேண்டியதில்லை தம்பி, அது உங்கள் பணம்தான் என்று காட்ட முடிந்தால். யார் பெயர் முதலில் இருக்கிறது என்பது இல்லை கேள்வி, யார் பணம் உள்ளே போனது என்பதுதான். இது இன்று நேற்று வந்த பேச்சும் இல்லை. 1928இலேயே பிரிவி கவுன்சில் (வெள்ளைக்காரர் காலத்தில் கடைசி மேல்முறையீடு போன லண்டன் மன்றம்) வரை போன வழக்கு ஒன்று உண்டு, குரன் தித்தா வழக்கு. கணவர் தன் பணத்தைத் தன் பெயரிலும் மனைவி பெயரிலும், இருவரில் இருப்பவருக்கு என்று போட்டுவிட்டு இறந்துபோனார். மனைவி பெயர் இருக்கிறது என்பதாலேயே அதை அவருக்குக் கொடுத்த பரிசாக எடுத்துக்கொள்ள முடியாது, கொடுக்க நினைத்தார் என்பதற்குத் தனியாகச் சாட்சியம் வேண்டும், இல்லாவிட்டால் பணம் கணவரின் சொத்தோடுதான் சேரும் என்று தீர்ப்பு. அதே நியாயம் உங்களுக்கும் பொருந்தும், உங்கள் அக்காள்களுக்கும் பொருந்தும்.

ஆனால் ஒன்று. வீட்டுச் செலவுக்கு, அப்பா அம்மாவுக்கு என்று அனுப்பிய பணத்தில் அப்பா மிச்சம் பிடித்துப் போட்டது என்றால் அது யாருடையது என்பதில் வாக்குவாதம் வரத்தான் செய்யும். அனுப்பிய ரசீது, அப்பா கணக்கில் வரவு விழுந்த தேதி, எஃப்.டி. போட்ட தேதி மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். பழைய பாஸ்புக்குகளைத் தயவுசெய்து பழைய பேப்பர்காரரிடம் போட்டுவிடாதீர்கள்.

2025 நவம்பர் 14

"1989க்கு முன்னாடி கல்யாணம் ஆன பொண்ணுக்குப் பங்கு இல்லையே" என்று ஒரு பெரியவர். இரண்டு விஷயத்தைப் போட்டுக் குழப்புகிறார்கள் ஐயா. 1989 மார்ச் 25 என்ற அந்தத் தேதி இந்து வாரிசுரிமைச் சட்டத்துக்கு வந்த தமிழ்நாட்டுத் திருத்தத்தில் பூர்வீகக் கூட்டுக்குடும்பச் சொத்துக்காக வந்தது. அப்பாவின் சுயசம்பாத்தியத்துக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை. அதில் மகளுக்கு 1956 முதலே மகனுக்குச் சமமான பங்கு, கல்யாணம் எந்த வருஷம் ஆகியிருந்தாலும். பூர்வீகத்திலும்கூட 2005 திருத்தமும் 2020இல் வினீதா ஷர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதும் வந்த பிறகு மகளும் மகனும் ஒன்றுதான், 2004 டிசம்பர் 20க்கு முன்பே முறையாகப் பாகம் பிரிந்த சொத்து தவிர. பூர்வீக நிலத்தை விற்று எஃப்.டி. போட்டிருந்தால் இந்த இரண்டாவது கணக்கைப் பார்க்க வேண்டும்.

2025 நவம்பர் 16

நீடாமங்கலம் தங்கச்சி, ஒன்று கேட்க விட்டுப்போனது. உங்கள் அப்பாவின் அம்மா இருக்கிறாரா?

2025 நவம்பர் 17

இருக்கிறார் என்று பதில் வந்திருக்கிறது. அப்படியானால் முதல் நாள் சொன்ன நால்வரோடு அப்பத்தாவும் சேர்கிறார், ஆளுக்கு ஐந்தில் ஒரு பங்கு. இறந்தவரின் தாயும் மனைவி, பிள்ளைகளோடு ஒரே வரிசையில் நிற்கிறார். அப்பாவின் அப்பா அந்த வரிசையில் இல்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன், தாத்தா இருக்கிற வீடுகளில் அடுத்து அதைத்தான் கேட்பார்கள்.

நம் பக்கத்தில் கிழவி மூலையில் கிடக்கிறாள் என்று இதைக் கணக்கிலேயே எடுப்பதில்லை. அப்பத்தா நாளைக்குத் தவறினால் அந்த ஐந்தில் ஒரு பங்கு அவருடைய பிள்ளைகள் எல்லோருக்கும் போகும்: உங்கள் சித்தப்பா, அத்தைகள், இறந்துபோன உங்கள் அப்பா இடத்தில் நீங்கள் மூவரும். "எங்க அண்ணன் பணத்துல எங்களுக்குப் பங்கா" என்று அத்தைகளே ஆச்சரியப்படுவார்கள், ஆனால் அது அண்ணன் பணமாக இல்லை, அவர்கள் அம்மா பணமாக வருகிறது. இப்போதே அப்பத்தாவிடம் உட்கார்ந்து பேசிவிடுவது நல்லது. அவர் தன் பங்கை யாருக்குக் கொடுக்க நினைக்கிறாரோ கொடுக்கட்டும், அது அவர் வாயால் வர வேண்டும்.

மகளோ மகனோ அப்பாவுக்கு முன்பே இறந்திருந்தால், அவர்களின் பிள்ளைகள் அந்தப் பங்குக்கு வருவார்கள் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். தாசில்தார் தரும் வாரிசுச் சான்றில் இந்தப் பெயர்கள் விடுபடுவது அடிக்கடி நடக்கிறது. இ-சேவையில் விண்ணப்பிக்கும்போதே எல்லாப் பெயரும் போகிறதா என்று பாருங்கள், விஏஓ விசாரிக்க வரும்போது வீட்டில் இருங்கள். அந்தச் சான்று யார் யார் வாரிசு என்றுதான் சொல்லும், யாருக்கு எவ்வளவு என்று சொல்லாது.

2025 நவம்பர் 21

நாமினி கேள்விகள் குவிந்துவிட்டன, ஒரே மூச்சில் சொல்கிறேன். நாமினியும் இதே மாதிரிதான். 1983இல் சர்பதி தேவி வழக்கில் இன்ஷூரன்ஸுக்கும், 2010இல் ராம் சந்தர் தல்வார் வழக்கில் வங்கி டெபாசிட்டுக்கும், 2023இல் சக்தி யெஸ்தானி வழக்கில் ஷேருக்கும் உச்ச நீதிமன்றம் ஒரே பதிலைத்தான் சொன்னது: நாமினி வாங்கலாம், சொந்தமாகாது. இன்ஷூரன்ஸில் மட்டும் 2015 திருத்தத்துக்குப் பிறகு பெற்றோர், கணவன் மனைவி, பிள்ளைகள் நாமினியாக இருந்தால் பணம் அவர்களுக்கே. வங்கிக்கு அப்படி எதுவும் வரவில்லை.

இணைக் கணக்கில் நாமினி போட்டிருந்தால், எல்லாப் பெயர்காரரும் இறந்த பிறகுதான் நாமினிக்கு வேலை. "நான்தானே நாமினி" என்று ஒரு மருமகன் மாமியார் உயிரோடு இருக்கும்போதே கவுன்டரில் வந்து நின்றதைப் பார்த்திருக்கிறேன். மாமியார் பின்னாலேயே வந்து "நான் இன்னும் போகலப்பா" என்றார், கிளை முழுக்கச் சிரித்தது, மருமகனும்தான்.

2025 நவம்பர் 30

இரண்டு நாளாக விடாத மழை, வயலெல்லாம் தண்ணீர். கேட்டவர்கள் பொறுத்துக்கொள்ளுங்கள், சம்பாவைப் பார்த்துவிட்டு வருகிறேன்.

2025 டிசம்பர் 3

நாகூரிலிருந்து ஒரு சகோதரி கேட்டது. உங்களுக்கு 1956 சட்டம் பொருந்தாது, ஷரீஅத் பங்குதான்: பிள்ளைகள் இருந்தால் மனைவிக்கு எட்டில் ஒன்று, தாய் இருந்தால் ஆறில் ஒன்று, மீதியில் மகனுக்கு இரண்டு என்றால் மகளுக்கு ஒன்று. அண்ணன் பெயர் ரசீதில் இருப்பதால் இந்தப் பங்குகள் மாறாது. "வாப்பா ஹிபா (உயிரோடிருக்கும்போதே தரும் பரிசு) கொடுத்துவிட்டார்" என்று அண்ணன் சொன்னால், கொடுத்ததும் ஒப்படைத்ததும் நடந்ததா என்று பார்க்க வேண்டும். பெயர் சேர்த்தது மட்டும் ஹிபா ஆகாது. வேளாங்கண்ணி பக்கத்துக் கிறிஸ்தவக் குடும்பங்களுக்கு 1925ஆம் வருஷத்து இந்திய வாரிசுரிமைச் சட்டம்: மனைவிக்கு மூன்றில் ஒன்று, மீதி பிள்ளைகளுக்குச் சமமாக.

2025 டிசம்பர் 10

"வக்கீலுக்குக் கொடுக்கப் பணம் ஏது அக்கா" என்று தனியாக எழுதியவருக்கு இங்கேயே பதில் சொல்கிறேன், இன்னும் நாலு பேருக்கு ஆகும். 1987ஆம் வருஷச் சட்டப்படி பெண்களுக்கு, வருமானம் எவ்வளவாக இருந்தாலும், இலவசச் சட்ட உதவி உண்டு. தஞ்சாவூர், திருவாரூர், நாகப்பட்டினம் மாவட்டக் கோர்ட் வளாகங்களில் சட்டப் பணிகள் ஆணைக்குழு அலுவலகம் இருக்கிறது, தாலுகா கோர்ட்டிலும் குழு இருக்கிறது. 15100 எண்ணுக்குப் பேசலாம். வழக்குப் போடும் முன்பே அண்ணனைக் கூப்பிட்டு உட்காரவைத்துப் பேசுவார்கள். லோக் அதாலத்தில் (மக்கள் நீதிமன்றம்) ஒத்துக்கொண்டு எழுதினால் அது கோர்ட் தீர்ப்புக்குச் சமம், கோர்ட் கட்டணமும் இல்லை.

அண்ணன் பணத்தை எடுத்து வேறு எங்கோ போடப்போகிறார் என்று தெரிந்தால் மட்டும் காத்திருக்காதீர்கள், உடனே வக்கீல் வைத்துத் தடை உத்தரவு கேளுங்கள். எடுத்துச் செலவாகிப்போன பணத்துக்குத் தீர்ப்பு வாங்கி என்ன செய்வது? உரிமை காகிதத்தில் இருக்கும், பணம் மனையாகவோ டிராக்டராகவோ ஆகியிருக்கும்.

2025 டிசம்பர் 19

திருத்துறைப்பூண்டியிலிருந்து ஒருவர் தாத்தாவின் டிரங்குப் பெட்டியில் பழைய ரசீது கிடைத்ததாக எழுதியிருக்கிறார். பத்து வருஷம் யாரும் தொடாத பணம் 2014இல் வந்த ஒரு நிதிக்கு ரிசர்வ் வங்கியிடம் போய்விடும், ஆனால் வாரிசுகள் எப்போது வந்து கேட்டாலும் அந்த வங்கி மூலமாகவே வாங்கலாம். 2023 முதல் உத்கம் என்ற தளத்தில் பெயரைப் போட்டுத் தேடலாம், தாத்தா பெயரை இனிஷியல் மாற்றி மாற்றிப் போட்டுப் பாருங்கள்.

சர்வைவரும் இல்லை, நாமினியும் இல்லை என்றால்? 2025 செப்டம்பரில் வந்த ரிசர்வ் வங்கி விதிப்படி, வாரிசுகளுக்குள் சண்டையோ உயிலோ இல்லையென்றால் வணிக வங்கியில் 15 லட்சம் வரை, கூட்டுறவு வங்கியில் 5 லட்சம் வரை கோர்ட் சான்று கேட்காமல் கொடுக்க வேண்டும், தாள்கள் எல்லாம் கொடுத்த 15 நாளுக்குள். 2026 மார்ச் 31க்குள் எல்லா வங்கியும் இதற்கு மாறியாக வேண்டும். என் அப்பாவின் தனிப்பெயர் டெபாசிட்டுக்கு இப்படி ஒரு விதி அன்றைக்கு இருந்திருந்தால் பென்சில் குறி போட்ட தாள்களில் பாதி இருந்திருக்காது.

2026 ஜனவரி 11

நீடாமங்கலத்திலிருந்து நல்ல செய்தி. தங்கச்சியின் தாய்மாமன் நடுவில் உட்கார்ந்து பேசியதில், அண்ணன் மூன்று ரசீதையும் கொண்டுவந்து வைத்திருக்கிறார். ஒன்றில் பாதி அவர் டிராக்டர் ஓட்டிச் சேர்த்த பணம் என்பதற்கு வரவு இருக்கிறது, அதைத் தங்கைகள் இருவரும் மறுபேச்சில்லாமல் ஒத்துக்கொண்டார்கள். சரியான செயல். மிச்சம் ஐந்து பங்கு. அண்ணனுக்கும் ஒரு பயம் இருந்ததாம், அம்மாவையும் அப்பத்தாவையும் கடைசிவரை பார்க்கப்போவது தான்தானே, பணம் பிரிந்துபோனால் ஆஸ்பத்திரிச் செலவுக்கு யாரிடம் போய் நிற்பது என்று. அந்தப் பயம் பொய்யில்லை. அதற்கு அம்மாவின் பங்கு அம்மா கையில் இருப்பதுதான் பதில்.

இப்போது செய்ய வேண்டியது: பிரித்ததை வெள்ளைத்தாளில் எழுதி வைத்துக்கொள்ளாமல், வக்கீலிடம் கொடுத்து ஒழுங்காக எழுதிக் கையெழுத்துப் போடுங்கள். ரொக்கமாகக் கொடுக்காமல் கணக்கிலிருந்து கணக்குக்கு மாற்றுங்கள். அம்மா பங்கை அம்மா பெயரிலேயே, மூத்த குடிமக்கள் வட்டிக்குப் போடுங்கள். வங்கிக்குப் போகவர அண்ணன் துணை வேண்டுமென்றால் அவர் பெயரைச் சேர்ப்பதில் தப்பில்லை, ஆனால் அப்படிச் சேர்க்கும் அன்றே அம்மா ஒரு உயிலும் எழுதிவிடட்டும், அண்ணன் பெயர் வசதிக்காக, பணம் இன்னாருக்கு என்று. உயிலைப் பதிவு செய்வது கட்டாயமில்லை, ஆனால் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிந்துவிட்டால் பிறகு சந்தேகம் கிளப்புவது கஷ்டம்.

2026 ஜனவரி 12

அம்மாவின் டெபாசிட்டுக்கு நாமினியாக மூன்று பிள்ளைகளையும் போட முடியுமா என்று நீடாமங்கலம் தங்கச்சி கேட்கிறார். முடியும். 2025 நவம்பர் 1 முதல் ஒரு டெபாசிட்டுக்கு நான்கு பேர் வரை போடலாம், ஒரே நேரத்தில் ஆளுக்கு இத்தனை சதவீதம் என்றோ, ஒருவருக்குப் பிறகு ஒருவர் என்றோ. சதவீதம் போட்டால் கூட்டினால் நூறு வர வேண்டும். மூன்று பேர் என்பதால் 33, 33, 34 என்று போடுங்கள். அந்த 34 யாருக்கு என்று அம்மாவையே கேளுங்கள்.